கணவாய் ஓட்டால் வரைந்த கட்டம்

வடசேரியில் அக்காள் மகன் கட்டிய வீட்டின் பின்பக்க வராந்தாவில் ஒரு கிளிக்கூண்டு தொங்குகிறது. அதன் கம்பியில் கட்டிவைத்திருக்கும் கணவாய் ஓட்டில் லவ்பேர்ட்ஸ் இரண்டும் மாறி மாறி அலகைத் தேய்க்கும்போது 'கிறீச் கிறீச்' என்று ஒரு சத்தம் வரும். அது முதலில் என் பல்லில்தான் கூசும், அப்புறம்தான் காதில் விழும். கணவாய் ஓடு என்றால் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன்: கணவாய் மீனின் முதுகுக்குள் இருக்கும் வெள்ளை எலும்பு அது, கடற்கரையில் தானாக ஒதுங்கிக் கிடக்கும், கையில் எடுத்தால் கனமே இராது, நகத்தால் சுரண்டினால் அரிசிமாவு போல உதிரும். இப்போது அதைக் கிளிக்கென்று கடையில் காசுக்கு விற்கிறார்கள். எங்களுக்கு அது சாக்பீஸ்.

எங்கள் ஊர் மணவாளக்குறிச்சிக்கு மேற்கே, கடலை ஒட்டி. மாதா கோயிலுக்குப் பின்னால் நெத்தோலி காயப்போடுவதற்கென்று ஒரு பெரிய சிமெண்டுத் தளம் இருந்தது. மீன் காயாத நாளில் அது பெண்பிள்ளைகளுக்கு. கணவாய் ஓட்டால் அதில் கட்டம் கட்டமாக வரைந்து, உச்சியில் வட்டமாக ஒரு தலைக்கட்டம் போட்டு, உடைந்த கூரையோட்டுத் துண்டைச் சில்லாக எறிந்து நொண்டியடிப்போம். கீழே உள்ள கட்டமெல்லாம் ஒற்றைக்கால்தான்; தலைக்கட்டத்துக்குப் போய்ச் சேர்ந்தால் இரண்டு காலையும் ஊன்றி நிற்கலாம். நாங்கள் கோட்டை 'வரை' என்போம், மிதிப்பதைச் 'சவுட்டுவது' என்போம். வரையைச் சவுட்டினால் ஆட்டம் போயிற்று.

எல்லாவற்றுக்கும் கடைசியாக ஒரு நடை உண்டு. சில்லை நெற்றியில் வைத்து, விழாமல் இருக்க முகத்தை வானத்துக்கு நிமிர்த்தி, கீழே பார்க்காமல் ஒவ்வொரு கட்டமாகக் காலெடுத்து வைக்க வேண்டும். ஒவ்வொரு அடிக்கும் "சரியா?" என்று கேட்க வேண்டும். எதிராளி பக்கத்தில் குத்தவைத்து உட்கார்ந்து அவள் பாதத்தைப் பார்த்துச் "சரி" என்றோ "தப்பு" என்றோ சொல்ல வேண்டும். சுற்றி நிற்கிறவர்கள் என்ன கண்டாலும் வாய் திறக்கக் கூடாது. எதிராளியின் சொல்தான் கணக்கு. அந்த நடையில் ஒரு 'தப்பு' விழுந்தால் அதுவரை ஆடியதெல்லாம் போய், எதிராளி ஜெயித்ததாக ஆகிவிடும்.

என் அக்காள் பிலோமி என்னைவிட மூன்று வயது மூத்தவள். சில்லில் அவளை அந்தக் கரையில் யாரும் ஜெயித்ததில்லை. வானத்தைப் பார்த்துக்கொண்டு அவள் நடப்பது தரையைப் பார்த்து நடப்பது போலவே இருக்கும். நான் அவளுக்கு நேர் எதிர். ஆட்டம் கொஞ்சம் வரும், சத்தம் வராது. பள்ளிக்கூடத்தில் ஆஜர் கூப்பிடும்போதுகூட எனக்குப் பதிலாகப் பக்கத்தில் இருப்பவள்தான் "உள்ளேன்" சொல்லுவாள். ஆனால் படிப்பு எனக்கு நன்றாக வந்தது. ஐந்தாம் வகுப்பில் வாசிக்கக் கொடுத்த பாடத்தையெல்லாம் வீட்டில் சுவரைப் பார்த்துக் கடகடவென்று சொல்லுவேன். அக்காளுக்கு அது ஏறவில்லை. ஏழாம் வகுப்பில் ஒரு தடவை தோற்று, மறுபடியும் அதே பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள்.

அப்பன் மஞ்சள்காமாலையில் இறந்துபோன ஆண்டு அது. கொச்சிப் பக்கத்து இறால் கம்பெனிகளுக்கு எங்கள் கரையிலிருந்து பெண்பிள்ளைகளைக் கூட்டிப்போகும் ஒரு பெண், எல்லாரும் 'ஏஜென்டக்கா' என்று கூப்பிடுவோம், ஈஸ்டர் கழிந்து எங்கள் வீட்டுக்கு வந்தாள். வந்தவள் உட்காருமுன்பே எங்கள் இரண்டு பேருடைய கையையும் வாங்கி, விரலைப் பிரித்துப் பிரித்துப் பார்த்தாள்.

"ரெண்டும் கொள்ளாம். இந்தத் தடவை எனக்கு ஒண்ணு போரும்" என்றாள் அம்மையிடம்.

அம்மை வாசலில் உட்கார்ந்து மண்ணைக் கிளறிக்கொண்டே இருந்தாள். "ரெண்டும் எனக்க வயித்துல கெடந்ததுதான். நான் எதைப் புடிச்சுத் தர?" என்றாள்.

அப்போதுதான் அக்காள் சொன்னாள், "சில்லு ஆடுவோம். தோக்குவ போவட்டும்."

அடுத்த வீட்டு திரேசம்மாள் மாமிக்கு அது பொறுக்கவில்லை. "ஒன்னை ஆருட்டி ஜெயிச்சிருக்கா இந்தக் கரையில? பச்சப்பிள்ளையை அனுப்பிட்டு நீ இங்க சுகமாட்டு இருக்கப் பாக்கியா, கள்ளி?"

"மாமிக்கு வெசனமா இருந்தா மாமி போங்க கம்பெனிக்கு. எறா உரிச்சா வாயி கொஞ்சம் கொறையும்" என்றாள் அக்காள்.

ஏஜென்டக்கா விழுந்து விழுந்து சிரித்தாள். அம்மை சிரிக்கவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. தன் வாயால் ஒரு பெயரைச் சொல்லாமல் தப்பித்தது அவளுக்குப் போதுமாக இருந்திருக்கும். ஆறாம் வகுப்புக்கு என்று நான் அட்டை போட்டு வைத்திருந்த பழைய புத்தகங்கள் உள்ளே மரப்பெட்டியில் இருந்தன. அவை இனி எனக்கில்லை என்று அந்த நிமிஷமே தெரிந்துவிட்டது.

சாயங்கால வெயிலில் தளத்தில் ஆட்டம் நடந்தது. பாதித் தெரு வந்து நின்றது. எனக்கு அதுவே போதும். இரண்டாம் கட்டத்திலேயே சில்லை வெளியே எறிந்து முறையை இழந்தேன். அக்காள் ஒவ்வொரு கட்டமாகக் கடந்து, தலைக்கட்டத்தில் இரண்டு காலையும் ஊன்றி நின்று, கடைசி நடைக்கு வந்தாள். சில்லை நெற்றியில் வைத்து முகத்தை நிமிர்த்தினாள். நான் பக்கத்தில் குத்தவைத்தேன்.

"சரியா?" "சரி." "சரியா?" "சரி."

மூன்றாவது அடியில் அவள் பெருவிரல் வரையின் மேல் இருந்தது. நன்றாக, முழுசாக. அந்த வெள்ளைப் பொடி விரலில் ஒட்டியதைக்கூடக் கண்டேன்.

"சரியா?"

நான் நிமிர்ந்து பார்த்தேன். அவள் தொண்டை மட்டும் தெரிந்தது. 'தப்பு' என்று சொன்னால் என் அக்காளை என் வாயாலேயே வடக்கே அனுப்புகிறேன். அம்மையால் முடியாத ஒன்றை, ஆஜர் சொல்லவே கூசுகிற நான் இத்தனை பேர் முன்னால் சொல்ல வேண்டும். "சரி" என்றேன்.

அவள் நகரவில்லை. "சரியாட்டி? நல்லா பாத்துச் சொல்லு" என்றாள். "சரி" என்றேன் மறுபடியும். அடுத்த அடியில் பாதி பாதமே வரையில் கிடந்தது. அதற்கும் நான் "சரி" என்றேன். அதன்பிறகு அவள் கேட்கவே இல்லை. விடுவிடுவென்று நடந்து வெளியே போய், நெற்றியில் இருந்த சில்லை எடுத்துக் கடலைப் பார்க்க வீசினாள். ஜெயித்தவள் இப்படிக் கோபமாகப் போவானேன் என்று நான் நினைத்துப் பார்க்கவில்லை. அவளுக்குப் படிப்பைக் கொடுத்துவிட்டேன் என்று மட்டும் நினைத்தேன். அந்த நினைப்பைப் பிடித்துக்கொண்டுதான் திருவனந்தபுரம் வரை பஸ்ஸிலும் அப்புறம் ரயிலிலும் அழாமல் இருந்தேன்.

கம்பெனி என்பது ஒரு நீண்ட தகரக் கொட்டகை. ஐஸ் தண்ணீரில் கையை விட்டு இறால் உரிக்க வேண்டும். இறாலின் நீர் விரல் நுனியை அரித்துவிடும். வேலை முடிந்து படிகாரத் தண்ணீரில் கையை முக்கும்போது கொட்டகை முழுக்க 'ஸ்ஸ்' என்று ஒரு சத்தம் எழும், அவ்வளவு பேரும் ஒரே நேரத்தில் பல்லைக் கடிப்பதால். ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து மற்ற பிள்ளைகள் ஏதாவது ஆடக் கூப்பிட்டால் நான் போவதில்லை. அக்காள் இந்நேரம் கணக்குப் போட்டுக்கொண்டிருப்பாள், எட்டாம் வகுப்புக்குப் போயிருப்பாள் என்று நினைத்துக்கொள்வேன்.

மறு ஆண்டு ஆடிக் கடல் எங்கள் வீட்டின் பின்சுவரை எடுத்துக்கொண்டு போயிற்று. சுவர் கட்டியாக வேண்டும். ஏஜென்டக்கா இந்தத் தடவை கையைக்கூடப் பார்க்கவில்லையாம். அக்காள் ஒரு தகரப்பெட்டியோடு அதே கொட்டகைக்கு வந்து, என் பக்கத்துப் பாயில் படுத்தாள். ஆக நான் அவளுக்குக் கொடுத்தது ஒரே ஒரு வருஷம்; அதிலும் அவள் ஏழாம் வகுப்பில் மறுபடி தோற்றிருந்தாள். வந்த அன்று அவள் என்னோடு பேசவில்லை. படிப்புப் போன வருத்தம் என்று நினைத்தேன். பிறகு பேசினாள், சண்டை போட்டாள், தலை வாரிவிட்டாள், எல்லாம் செய்தாள். ஆனால் அந்த ஆட்டத்தைப் பற்றி மட்டும் இரண்டு பேரும் வாய் திறந்ததில்லை.

பின்னாளில் இறாலுக்குப் பதில் கணவாய் வரத் தொடங்கியது. மை பட்டு எங்கள் கை கறுத்தே கிடக்கும். சுத்தம் செய்த கணவாய் ஜப்பானுக்கும் கொரியாவுக்கும் கப்பலில் போகிறது என்று சூப்பர்வைசர் சொல்லுவார். அக்காளுக்குக் கல்யாணம் ஆயிற்று, எனக்கு ஒன்றும் அமையவில்லை. விரல் மூட்டெல்லாம் வீங்கி இனி முடியாது என்று ஆனபிறகு நான் அவள் வீட்டுக்கு வந்தேன். அவள் மகன் கல்ஃபுக்குப் போய் இந்த வீட்டைக் கட்டினான்.

இந்த விடுமுறையில், அவன் மகள் ஷைனி டிவியில் ஒரு கொரியாத் தொடர் போட்டாள். தமிழில் பேசவைத்திருந்தார்கள். வளர்ந்த மனுஷர்கள் சின்னப் பிள்ளைகளின் ஆட்டங்களை ஆடுகிறார்கள், தோற்றவர்களைச் சுடுகிறார்கள். ஒரு மைதானத்தில் வட்டமும் முக்கோணமும் சதுரமுமாக வரைந்து, ஒருவன் ஒற்றைக்காலில் நொண்டிக்கொண்டு வந்தான். நான் என்னை அறியாமல் முன்னால் நகர்ந்து உட்கார்ந்தேன்.

"சின்னப் பாட்டி, இது கொரியாவுல குட்டிப் பிள்ளைக ஆடுற கேம். அந்தப் படம் கணவாயாக்கும்" என்றாள் ஷைனி.

நேந்திரங்காய் சிப்ஸ் தின்றுகொண்டிருந்த அக்காள் கண்ணைச் சுருக்கிப் பார்த்தாள். "இதுல எங்கட்டி கணவாய் இருக்கு? நாங்க வெட்டாத கணவாயா? ஒரு காலைக் காணல்ல, ஒரு கையைக் காணல்ல."

"ஐயோ பாட்டி, கம்முனு பாருங்க. இதுல தோத்தா அவ்வளவுதான், எலிமினேட்."

டிவியில் துப்பாக்கி வெடிக்கும் சத்தம் கேட்டது. ஷைனிக்கு ஃபோன் வந்து மாடிக்குப் போனாள். அக்காள் டிவியைப் பார்த்தபடியே சொன்னாள், "இவனுவளுக்குத் துவக்கு வேண்டியிருக்கு. எனக்க தங்கச்சிக்கு ஒரு சொல்லு போரும்."

எனக்கு விளங்கவில்லை. "என்னக்கா?" என்றேன்.

"அண்ணைக்கு நான் வரையைச் சவுட்டினேன். ஒருக்க இல்ல, ரெண்டு தடவ. நீ பாத்துக்கிட்டுத்தான் இருந்த. வேணும்னே சவுட்டினேன், கேட்டியா? ஆருட்டயும் தோக்காத நான் எதுக்குச் சில்லு ஆடலாம்னு சொன்னேன்? தோக்குறது எனக்க கையில நிக்கும், அதுக்காக்கும். எனக்குப் படிப்பு மண்டையில ஏறாது, ஒனக்கு ஏறும். அந்தத் திரேசம்மாக் கெழவி கள்ளின்னு சொன்னதையும் கேட்டுக்கிட்டு நின்னேன். நீ 'தப்பு'ன்னு ஒண்ணு சொல்லியிருந்தா டீச்சரா இருந்திருப்ப. நின்னு நின்னு கேட்டேனே, எதுக்குட்டி 'சரி'ன்னு சொன்ன?"

சிப்ஸ் பாத்திரத்துக்குள் அவள் கை அசையாமல் இருந்தது. அதே மூட்டுகள், என்னுடையதைப் போலவே வீங்கியவை. உள்ளதைச் சொல்ல என் வாயில் வந்துவிட்டது. உனக்காகத்தான் அக்கா என்று சொன்னால், இத்தனை காலம் அவள் என்மேல் வைத்திருந்த கோபம் ஒன்றுமில்லாததுக்கு என்று ஆகிவிடும். இரண்டு பேரும் ஒருத்திக்கொருத்தி விட்டுக்கொடுத்ததில் இரண்டு பேரும் போனோம் என்பதை இந்த வயதில் அவள் தலையில் எதற்கு ஏற்ற வேண்டும்? கோபம் அதைவிடக் கனம் குறைந்தது. அது அவளுக்குப் பழகியும் விட்டது.

"எனக்கு ரயில் பாக்கணும்னு ஆசையா இருந்துது" என்றேன்.

அக்காள் என்னைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு பாத்திரத்தை என் பக்கம் தள்ளினாள். "அதானே. நான் அப்பமே நெனச்சேன். சவத்து ரயிலு" என்று சொல்லிவிட்டு டிவியின் சத்தத்தைக் கூட்டினாள்.

எங்கள் ஊரில் இப்போது அந்தத் தளம் இல்லை. எங்கள் வீடு இருந்த இடமும் இல்லை. கடல் உள்ளே வந்து, லாரி லாரியாகக் கருங்கல்லைக் கொட்டி, கரை என்று சொல்ல மணலே இல்லாமல் ஆகிவிட்டது. போன திருவிழாவுக்குப் போயிருந்தபோது கல்லின் இடுக்கில் ஒரு கணவாய் ஓடு கிடந்தது. நான் குனிந்து எடுத்தேன். "ஷைனிக்க கிளிக்கு ஆவும், பைக்குள்ள போடு" என்றாள் அக்காள். அதுதான் கூண்டில் தொங்குகிறது. அலகு பட்டுப் பட்டு ஒரு பக்கம் குழிந்துவிட்டது.

நேற்று வீட்டில் யாரும் இல்லை. கூண்டைத் திறந்து ஓட்டை அவிழ்த்து எடுத்து, முட்டி வலியோடு தரையில் உட்கார்ந்து ஒரு வரை இழுத்துப் பார்த்தேன். டைல்ஸ் வழவழவென்று இருக்கிறது, அதில் வரை விழவில்லை. உதிர்ந்த பொடியைத் துணியால் துடைத்துவிட்டு, ஓட்டைத் திரும்பக் கட்டிவைத்தேன்.