மடி மறுக்கப்பட்ட தாய்மாமன்

தங்கை மகளுக்குத் திருப்போரூர் கோயிலில் காதுகுத்து. ஐந்து வயது. தாய்மாமன் மடியில் உட்கார வைத்துத்தான் குத்த வேண்டும். அந்தத் தாய்மாமன் நான். ஐம்பது வருட வாழ்க்கையில் என்னை விட்டால் வேறு ஆளில்லை என்று சொல்லக்கூடிய பதவி அது ஒன்றுதான். அலுவலகத்தில் நான் ஒரு வாரம் வராவிட்டாலும் யாரும் கவனிப்பதில்லை.

பதவி தலைக்கேறியது. ஒரு வாரம் முன்பே செங்கல்பட்டில் தங்கை வீட்டுக்குப் போய்ப் பயிற்சியை ஆரம்பித்துவிட்டேன். தினமும் சாயங்காலம் அவளை மடியில் உட்கார்த்தி, காது மடலை லேசாகக் கிள்ளி, "அழக்கூடாது" என்பேன். நம் வம்சத்தில் எவரும் அழுததில்லை என்று ஒரு சிற்றுரையும் உண்டு. துன்பத்தைப் பொறுப்பது பற்றி நான் படித்த தத்துவத்தையெல்லாம் ஐந்து வயதுக்குச் சுருக்கிக் கொடுத்தேன். அவள் முறுக்கு தின்றபடி கேட்டாள். ஒப்புக்கொண்டாள் என்று நினைத்தேன்.

காதுகுத்தன்று கோயில் மண்டபத்தில் ஆசாரி ஊசியோடு தயார். நான் பட்டு வேட்டியில் சம்மணமிட்டு, தொடையைத் தட்டிக் கூப்பிட்டேன்.

"உன் மடில உக்கார மாட்டேன்."

"ஏன்?"

"நீ அழக்கூடாதுன்ற. நான் அழுவணும்."

"நீ அழுதா மாமாவுக்கு அசிங்கம் இல்ல?"

"உன்கு அசிங்கம்னா நீ அழுவாத."

நேரே போய், கேளம்பாக்கத்திலிருந்து வந்திருந்த அவள் அப்பாவின் தங்கை மடியில் உட்கார்ந்துகொண்டாள். அந்த அத்தை பதறி எழப் பார்த்தாள். இவள் புடவையை விடவில்லை. சம்பந்தி வீட்டார் என் சீர்த் தட்டுகளையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்கள்.

சாட்சிக்கு என் அப்பாவைத் திரும்பிப் பார்த்தேன். "நைனா, நம்ம வம்சத்துல யாருன்னா அழுதாங்களா? சொல்லு."

"இன்னாடா வம்சம்? உன்கு காது குத்தறப்ப நீ மாமன் கைய கடிச்சி, வேட்டியையும் நனைச்சி வுட்ட. பாவம், அந்தாளு ஈர வேட்டியோட பந்தில குந்திகினு இருந்தாரு."

அந்த ஒரு வாரத்தில் முதல்முறையாக அவள் என்னை ஆர்வமாகப் பார்த்தாள்.

"குத்தறதா வாணாமா? நல்ல நேரம் போய்கினே கீது" என்றார் ஆசாரி.

"குத்துங்க" என்றேன்.

அழுதாள். முதல் காதுக்கே குளத்தங்கரை வரை கேட்டிருக்கும். இரண்டாவது காதின்போது நடுவில் நிறுத்தி, ஏதாவது சொல்லப்போகிறேனா என்று என்னைப் பார்த்தாள். நான் வாழைப்பழத் தட்டைப் பிடித்துக்கொண்டு வாய்மூடி நின்றேன்.

திருப்தியாகி, விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தாள்.