உச்சியில் வைத்த ரொட்டி

கூசா என்னும் பிஞ்சுச் சுரை போன்ற காயைக் குடைந்துகொண்டிருப்பவள் பாதியில் கத்தியைப் போட்டுவிட்டு எழுந்துவிடுவாள். மடியில் கிடந்த காய்கள் நாலாபக்கமும் உருண்டோடும். தடதடவென்று படியிறங்கிப் பின்முற்றத்துக்குப் போய், உரக் குவியலில் செருகியிருக்கும் இரும்புக் கம்பியை உருவி உள்ளங்கையில் பிடித்துப் பார்ப்பாள். சுட்டால் சரி, உள்ளே நன்றாக மக்குகிறது. சுடாவிட்டால் யாரைத் திட்டலாம் என்று தேடுவாள்.

"யாரு இது, முட்டை ஓட்டை முழுசா போட்டது? கையால நொறுக்கினா வெரலு தேஞ்சிடுமா?"

ஜோர்டானின் அம்மான் நகரில், குன்றுச் சரிவில் நிற்கும் அந்தப் பழைய கட்டடத்தில் எல்லோருக்கும் அவள் உம் ரயீஃப், அதாவது ரயீஃபின் அம்மா. மகன் ரயீஃப் துபாயில் இருக்கிறான். அரிசியும் கறியும் அடைத்துச் சமைக்கத் தோதாகக் கூசாவையும் கத்தரியையும் குடைந்து, வேலைக்குப் போகும் பெண்களுக்கு விற்பது அவள் பிழைப்பு. குடைந்தெடுத்த சதை மாடிப்படியில் நாறிச் சண்டை வந்ததால்தான் அந்தக் குவியலையே போட்டாள். பிறகு மற்ற வீட்டுப் பழத்தோலும் தேயிலைச் சக்கையும் முற்றத்து அத்தி இலைகளும் சேர்ந்தன. தண்ணீர்த் தொட்டித் தகராறுக்குப் பின் முகங்கொடுத்துப் பேசாதவர்கள்கூட வாளியோடு வந்து நிற்கும் ஒரே இடம் அது.

அவளுக்கு உட்காரத் தெரியாது. பேச்சுக்கு நடுவில் ஜன்னலை எட்டிப் பார்ப்பாள். ஊற்றிய டீயை மறந்துவிட்டு, "பச்சத் தண்ணியா இருக்கே, யாரு போட்டது?" என்று தனியாக இருக்கும்போதும் கேட்பாள்.

இந்த ஆண்டு, குளிர் தொடங்குமுன் எலி வந்தது. பின்னாலேயே கட்டடக் குழுத் தலைவர் அபூ ஸக்ரும் வந்தார். போலீஸ் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். அதட்டல் மட்டும் ஓய்வு பெறவில்லை.

"வெள்ளிக்கிழமை தொழுதுட்டு வர்றப்ப இது இங்க இருக்கக் கூடாது. குப்பை லாரிக்குச் சொல்லியாச்சு."

அன்றிலிருந்து அவளுக்கு இருப்புக்கொள்ளவில்லை. குவியல் போனால் மறுபடி படிக்கட்டு நாறும், பிழைப்பு கெடும். அதைவிட, அந்த முற்றம் வெறிச்சோடிப் போவதைத்தான் அவளால் நினைத்துப் பார்க்க முடியவில்லை.

எலி வந்த காரணம் ரொட்டி. அங்கே ரொட்டியை யாரும் குப்பையில் போடமாட்டார்கள். பையில் கட்டி வெளிக்கதவில் தொங்கவிட்டால் ஆட்டுக்காரன் எடுத்துப் போவான். கோடையோடு அவன் வரத்து நின்றது. மண்ணுக்குப் போவது பாவமில்லை என்று எல்லோரும் குவியலுக்குக் கொண்டுவந்தார்கள். வந்தவர்கள் அதை அழுகலுக்கு அடியில் தள்ள மனமில்லாமல், மரியாதையாக உச்சியில் அடுக்கிவிட்டுப் போனார்கள்.

"உள்ள பொதைங்கன்னு சொல்லேன்" என்றாள் கீழ்வீட்டு ஹைஃபா.

"நீ பொதைப்பியா?"

"அல்லாஹ் மன்னிக்கணும்! வெங்காயத் தோலுக்குக் கீழயா?"

"அப்புறம் எனக்கு மட்டும் என்ன, ரெண்டு உசுரா?"

வியாழன் மாலை வாளிகளோடு எல்லோரும் கூடியிருந்தபோது அபூ ஸக்ர் வந்தார். கையில் ஒரு பை. யாரையும் பார்க்காமல் குனிந்து, சுத்தமான இடமாகத் தேடி, பழைய ரொட்டி ஒன்றை உச்சியில் வைத்தார்.

"ஓஹோ! எலிக்கு விருந்து வைக்கிறது நீங்கதானா, அபூ ஸக்ர்?" என்றாள் உம் ரயீஃப்.

அவர் முகம் சிவந்துவிட்டது. "வேற எங்க வைக்கச் சொல்ற? உன் தலையிலயா?"

ஹைஃபா சிரித்துவிட்டாள். உம் ரயீஃபுக்குச் சிரிப்பு வரவில்லை. ரொட்டியை உள்ளே புதைத்தால்தான் எலி போகும், குவியல் நிற்கும்; அதை நினைக்கவே பயமாக இருந்தது. சிறுவயதிலிருந்து கற்றதெல்லாம் கையைப் பிடித்து இழுத்தது. அந்த ரொட்டியை எடுத்தாள். முத்தமிட்டு நெற்றியில் ஒற்றிக்கொண்டாள். 'பிஸ்மில்லாஹ்' என்று முணுமுணுத்து, தோலையும் சக்கையையும் பிளந்துகொண்டு, குவியலின் கொதிக்கும் நடுவயிற்றில் தோள்வரை கையை விட்டு அதை வைத்தாள்.

ஆவி பறக்கும் வெறுங்கையை வெளியே எடுத்து, பையில் மிச்சமிருந்த ரொட்டிக்காக அபூ ஸக்ரிடம் நீட்டினாள்.