ஃபிரிட்ஜுக்குக் காவல் இருந்தவள்

கேக் திரும்பி வந்துவிட்டது. இது இரண்டாவது தடவை. தெருமுனைக் காபிக் கடைக்காரி அட்டைப் பெட்டியும் கையுமாகத் தானே நடந்து வந்து வாசலில் நின்றாள். யாரிடமாவது கொடுத்தனுப்பியிருக்கலாம். அந்த மட்டுக்கு மரியாதை தெரிந்தவள்.

"அக்கா, தப்பா எடுத்துக்காதீங்க. காலையில ஒரு கண்ணாடிக்காரர் ஒரு வாய் வச்சுட்டுத் தட்டைத் தள்ளி வச்சுட்டாரு. புளிப்பு தட்டுது. போன தடவையும் இதே கதைதான். அடுத்த வாரக் கடைசிக்கு இன்னொண்ணு குடுங்க. அதுவும் இப்படி ஆச்சுன்னா நான் வேற இடம்தான் பாக்கணும்."

"சரிம்மா" என்று பெட்டியை வாங்கிக்கொண்டாள் அக்கா. கதவைச் சாத்திவிட்டு ஒரு விள்ளல் எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தாள், புளிப்பேதான்.

அவளைத் தெருவில் எல்லோரும் கேக் அக்கா என்றுதான் கூப்பிட்டார்கள். அந்தப் பெயருக்கு வயது ஒன்றுதான். அதற்கு முன் ஆயத்த ஆடைத் தொழிற்சாலையில் இருபது வருஷம் சட்டைகளைப் புரட்டிப் புரட்டித் தையல் பிசகு கண்டுபிடிக்கும் வேலை. ஒரு நாள் தொழிற்சாலையை மூடிவிட்டார்கள். அதன் பிறகு அவள் அச்சகக்காரரின் மனைவி, மாமியாரின் மருமகள், அவ்வளவுதான். கூட வேலை பார்த்த ஒருத்தி ஊர் மாறிப் போகும்போது அவளுக்கு அக்கா ஒரு சீஸ்கேக் செய்து கொடுத்தாள். சாப்பிட்டவர்கள் விடவில்லை. பேச்சு காபிக் கடை வரைக்கும் போயிற்று. ஐம்பதை நெருங்கும் வயதில் ஒரு மனுஷிக்குப் புதுப் பெயர் கிடைப்பதென்றால் சும்மாவா? அதைத்தான் அந்த அட்டைப் பெட்டி பறித்துக்கொண்டு போகப் பார்த்தது.

அவள் செய்வது அடுப்பேறாத கேக். அடியில் பொடித்த பிஸ்கட்டும் வெண்ணெயும், மேலே சர்க்கரையும் எலுமிச்சையும் சேர்த்துக் குழைத்த கிரீம் சீஸ், அப்படியே ஃபிரிட்ஜில் வைத்து இறுகவிடுவது. அடுப்பேறும் பண்டமென்றால் பாதிக் குறையைச் சூடு மறைத்துவிடும். இதில் சீஸ் கெட்டிருந்தால் நாக்கில் வைத்த மாத்திரத்தில் காட்டிக் கொடுத்துவிடும். பிரித்த கிரீம் சீஸ் நல்ல குளிரில் பத்து நாள் வரைக்கும் தாங்கும் என்று கடையில் சொல்லித்தான் கொடுத்தார்கள். இந்த வீட்டிலோ நாலு நாள் தாண்டினால் வாடை அடித்தது.

ஏன் என்பதற்கு ஆளுக்கொரு காரணம் இருந்தது.

"ஃபிரிட்ஜுக்கு வயசாயிடுச்சு. என்னை மாதிரிதான், சத்தம் ஜாஸ்தி, வேலை கம்மி" என்றார் வீட்டுக்காரர். அவருக்கு அச்சக மை விரலிலும் நையாண்டி நாக்கிலும் ஒட்டிக்கொண்டே இருக்கும்.

மாமியாருக்கு அவ்வளவு யோசனையெல்லாம் தேவைப்படவில்லை. மகளுக்குப் போன் போட்டு, "உன் தம்பி பொண்டாட்டிக்குக் கைராசி பத்தலடி" என்று சமையலறைக்குக் கேட்கும்படியே சொன்னாள்.

கைராசி! அக்காவுக்குச் சுருக்கென்றது. தொழிற்சாலையிலும் இப்படித்தான். சட்டையில் பிசகு வந்தால் துணி சரியில்லை, நூல் சரியில்லை, தைத்தவள் ராசி சரியில்லை என்பார்கள். அவள் போய்த் தையல் மெஷின் பக்கத்தில் அரை நாள் நின்று பார்ப்பாள். எங்கே துணி இழுபடுகிறது, யார் கை அவசரப்படுகிறது எல்லாம் தெரிந்துவிடும். மறுநாள் காலை ஒரு முக்காலியை எடுத்து ஃபிரிட்ஜுக்கு எதிரே போட்டாள். மடியில் ஒரு கூடை பீன்ஸ். நறுக்கிக்கொண்டே காவல் இருந்தாள்.

முதலில் மாட்டியவர் வீட்டுக்காரர். பிரெட்டை அறுத்தார், வெண்ணெய் தடவினார், தூளும் வெண்ணெயும் ஒட்டிய அதே கத்தியை நீல டப்பாவுக்குள் விட்டு ஒரு கிண்டு கிண்டினார். வீட்டுக்கும் தொழிலுக்கும் சேர்த்து சீஸ் இருப்பது அந்த ஒரே நீல டப்பாவில்தான். எடுத்த இடத்தில் வைத்தாரா? இல்லை. கைக்குத் தோதாக ஃபிரிட்ஜ் கதவுத் தட்டில் செருகினார். கதவைத் திறக்கும்போதெல்லாம் வெளிக்காற்று முதலில் விசாரிக்கும் இடம் அதுதான்.

அடுத்து மாமியார். டப்பாவை ஜன்னலோர மேசைக்குக் கொண்டுபோய் மூடியைத் திறந்ததும் போன் மணி அடித்தது. மகள். அந்தப் பேச்சுக்குத் தொடக்கம் உண்டு, முடிவு கிடையாது. சம்பந்தி வீட்டு வம்பு முழுவதும் பேசித் தீரும் வரைக்கும் சீஸ் வெயிலில் வாயைப் பிளந்துகொண்டு கிடந்தது. நடுநடுவே ஸ்பூனை நக்குவதும் அதே ஸ்பூனைத் திரும்பி உள்ளே விடுவதும் வேறு.

அக்காவுக்கு ஆத்திரம் ஒரு பக்கம், குஷி ஒரு பக்கம். ஆள் அகப்பட்டாயிற்று! சாயங்காலம் இரண்டு பேரையும் உட்கார வைத்து விளாசுவதற்கு வசனமெல்லாம் மனசுக்குள் தயாராகிவிட்டது. அந்த உற்சாகத்தோடேயே எழுந்து, டப்பாவில் சீஸ் குறைந்திருக்கிறதே என்று புதுப் பாக்கெட்டைப் பிரித்தாள். வழக்கம்போலப் பழைய சீஸின் தலையில் கவிழ்த்து, கரண்டியால் மேலே வழவழவென்று தடவினாள்.

கை பாதியில் நின்றது.

அடி வரைக்கும் கரண்டியை விட்டுத் தோண்டினாள். மேலே பால் வெள்ளை, நடுவில் மஞ்சள், அடியில் நீர் விட்டு நின்ற ஏதோ ஒன்று. மூக்கைப் பொத்திக்கொண்டாள். வாங்கிய நாளிலிருந்து அந்த டப்பா ஒரு தடவையாவது முழுசாகக் காலியானதுண்டா? மிச்சத்தைக் கொட்ட மனசு வராது. புதுசை மேலே போட்டு, பழசையும் புதுசாக்கிவிட்டதாக நினைப்பு. பாலுக்குத் தயிர் உறை ஊற்றுகிற மாதிரி, புதுச் சீஸுக்குப் பழைய புளிப்பை உறை ஊற்றிக்கொண்டிருந்தது அவளேதான். முதலில் அழுகை முட்டியது. பிறகு தனியாக நின்று சிரித்தாள்.

சாயங்காலம் பஞ்சாயத்து கூடியது.

"கத்தி உங்களுது, வெயில் அத்தையோடது. ஆனா முதல் குற்றவாளி நான்தான்" என்றாள்.

"அப்போ ஃபிரிட்ஜ் நிரபராதியா? பாவம், அதைப் போய்த் திட்டிட்டேனே" என்றார் வீட்டுக்காரர்.

நீல டப்பா கொதிநீரில் குளித்து, வெயிலில் காய்ந்து, துளி ஈரமில்லாமல் வந்தது. அதில் ஒரே ஒரு பாக்கெட் சீஸ், இறுக்கமான மூடி, இடம் கீழ்த்தட்டில் ஆகக் கடைசி. தேவையானதைக் காய்ந்த கரண்டியால் கிண்ணத்தில் எடுத்த கையோடு டப்பா உள்ளே போய்விட வேண்டும். வீட்டுச் செலவுக்குத் தனியாக ஒரு சின்ன டப்பா.

"எனக்குத் தனி டப்பாவா? என்னை ஒதுக்கி வைக்கிறியா?" என்று மாமியார் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டாள். அன்றிலிருந்து வெறும் பிரெட்தான். ஒவ்வொரு கடிக்கும் ஒரு பெருமூச்சு.

கடைக்குக் கேக் கொடுக்கும் நாள் வந்தது. நீல டப்பாவில் இருந்த பாக்கெட்டைப் பிரித்து ஒரு வாரம் தாண்டிவிட்டது. அக்கா அதையேதான் எடுத்தாள்.

"உனக்கென்ன கிறுக்கா? புது பாக்கெட் உடைச்சுச் செஞ்சுட்டுப் போவியா, விஷப்பரீட்சை வச்சுக்கிட்டு" என்று பதறினார் வீட்டுக்காரர்.

"புதுசுல செஞ்சா இந்த வாரம் தப்பிச்சுடலாங்க. அடுத்த வாரம்? எது வரைக்கும் நம்பலாம்னு தெரியாம நான் எப்படித் தொழில் பண்றது?" என்றவள், ஒரு கரண்டி எடுத்துக் கிண்ணத்தில் போட்டு மாமியார் முன்னால் நீட்டினாள். "அத்தை, இந்த வீட்டுல உங்க நாக்குக்குத் தப்பினது எதுவும் இல்ல. நீங்க சொல்லுங்க."

இதைக் கேட்டுக் குளிராத மாமியார் உண்டா? முகர்ந்து பார்த்தாள். நுனி நாக்கில் வைத்தாள். கண்ணை மூடினாள்.

"ம்... பழுதில்ல" என்றாள் மாமியார். கிண்ணத்தை மட்டும் திருப்பிக் கொடுக்கவில்லை.

கேக்கை அக்கா தானே சுமந்துபோய்க் கடை மூலையில் நின்றுகொண்டாள். போகச் சொன்னாலும் போயிருக்க மாட்டாள். கடைக்காரி முதலில் ஒரு துண்டை வாயில் போட்டுப் பார்த்துத் தலையாட்டினாள். கொஞ்ச நேரத்தில் அதே கண்ணாடிக்காரர் வந்தார். தட்டைச் சந்தேகமாகப் பார்த்தார். முள்கரண்டியால் ஓர் ஓரத்தைக் கிள்ளி வாயில் வைத்தார். அப்புறம் தலை நிமிரவேயில்லை. கடைசித் தூளை விரலால் ஒற்றி எடுத்துவிட்டு, "இன்னொரு துண்டு குடுங்க" என்றார். அக்காவுக்கு அவரைக் கட்டிக்கொள்ளலாம் போல இருந்தது. நல்ல வேளை, நடுவில் மேசை இருந்தது.

மத்தியானத்துக்குள் கேக் காலி.

"அக்கா, வாரத்துக்கு மூணு வேணும். முடியுமா?" என்றாள் கடைக்காரி.

"முடியுமாவா?" என்று சொல்லிவிட்டு, ஜெயித்த ராணி மாதிரி நடுத்தெருவில் நடந்து வீட்டுக்கு வந்தாள். பின்னால் வந்த சைக்கிள்காரன் மணியடித்து மணியடித்துக் கடைசியில் தானே ஒதுங்கிப் போனான்.

வீட்டில் மாமியார் போனில் இருந்தாள். குரல் வாசல் வரைக்கும் கேட்டது.

"பழசு மேல புதுசு போடாதடி! கதவுத் தட்டுல வைக்காத. கரண்டி ஈரமா இருக்கக் கூடாது. பத்து நாள் தாண்டிச்சா, யோசிக்காம தூக்கிக் கொட்டு. யார் சொன்னாங்களா? எங்க வீட்டுல ஒருத்தி இருக்காளே, ஊருக்கே கேக் குடுக்கிறவ. அவ கைராசி யாருக்குடி வரும்?"

அக்கா செருப்பைக் கழற்றாமல் அப்படியே நின்றாள். மாமியார் அவளைப் பார்த்துவிட்டுப் போனைக் கையால் பொத்திக்கொண்டாள்.

"என்ன பாக்குற? டப்பாவை உள்ள வச்சுட்டுத்தான் போனை எடுத்தேன். வேணும்னா போய்ப் பாரு."

அக்கா போய்ப் பார்த்தாள். சின்ன டப்பா கீழ்த்தட்டில் ஆகக் கடைசியில், நீல டப்பாவின் தோளோடு தோளாக, மூடி இறுகி உட்கார்ந்திருந்தது.