செத்தவள் எழுந்து பாடிய படப்பிடிப்பு

நாடக மேடையில் நான் நூறு தடவைக்கு மேல் செத்திருக்கிறேன். ஒரு தடவைகூட ஒழுங்காகச் செத்ததில்லை. உயிர் போகிற பாட்டு முடிந்து நான் சாய்ந்ததும் கூட்டம் கைதட்டும், விசிலடிக்கும், "இன்னொரு தடவை!" என்று கத்தும். நானும் எழுந்து, சேலையைச் சரிசெய்துகொண்டு, அதே பாட்டை மறுபடி பாடிவிட்டு மறுபடி சாவேன். கிள்ளான் ஊர்த் திருவிழா ஒன்றில் மூன்று முறை செத்தேன். எங்கள் வழக்கம் அது. யாரும் சிரித்ததில்லை.

யுத்தத்தில் ஜப்பான்காரன் வந்ததும் கப்பல் நின்றுபோய், கடல் கடந்து நாடகம் போட வந்திருந்த எங்கள் குழு ஊருக்குத் திரும்ப முடியாமல், ரயில்வே ஆட்கள் குடியிருந்த பிரிக்பீல்ட்ஸில் மாட்டிக்கொண்டது. அங்கே படம் பிடிக்க வந்த ஜப்பானிய டைரக்டர் ஒருவர் என்னைத் தேர்ந்தெடுத்தார். நோயில் சாகும் தாய் வேஷம். சினிமா! அரிசி கிடைக்காத அந்த நாளில் தின்ற மரவள்ளிக்கிழங்குகூட இரண்டு நாள் தொண்டையில் இறங்கவில்லை, அவ்வளவு சந்தோஷம்.

ரயில்வே குவார்ட்டர்ஸ் வாசலில், காலை வெயிலில் கட்டில் போட்டார்கள். பிரிக்பீல்ட்ஸே திரண்டு வந்து சுற்றி நின்றது. கண்ணை மூடித் தலையைச் சாய்த்தேன். உடனே கைதட்டல். "அக்கா, பாட்டு!" அவ்வளவுதான், என் உடம்பு என் பேச்சைக் கேட்கவில்லை. எழுந்து உட்கார்ந்து உச்சஸ்தாயியில் பாட ஆரம்பித்துவிட்டேன்.

டைரக்டர் தொப்பியைத் தரையில் அடித்தார். மொழிபெயர்க்க வந்திருந்த, ரயில்வே ஆபீஸில் கணக்கெழுதும் கிராணி ஓடிவந்தார்.

"என்னம்மா நீ, செத்தவ பாடலாமா? பிலிம் இன்னும் ஒரு தடவைக்குத்தான் இருக்குலா. இதுவும் கெட்டுச்சுன்னா நாளைக்கு வேற ஆளப் போட்டுருவாராம்."

கோபம் பொத்துக்கொண்டு வந்தது. டைரக்டர் மேல் இல்லை, என் மேல். கைக்கு வந்த வேஷத்தை நானே தொலைக்கப் பார்த்தேனே!

மறுபடி படுத்தேன், செத்தேன். "பாடுங்கக்கா!" என்று யாரோ கத்தினார்கள். நாக்கைக் கடித்துக்கொண்டு கிடந்தேன். இன்னொரு குரல் கெஞ்சியது. அசையவில்லை. கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டம் அடங்கியது. பிறகு ஒரு பெண் விம்முவது கேட்டது. இன்னொருத்தியும் சேர்ந்துகொண்டாள். என் நெஞ்சு அடித்த அடியில் போர்வை ஆடிவிடுமோ என்று பயந்தேன். நம்பிவிட்டார்கள்! பாட்டில்லாமல், ஒரு வார்த்தை இல்லாமல் நம்பிவிட்டார்கள்! செத்துக்கிடந்த எனக்கு எழுந்து குதிக்க வேண்டும் போல இருந்தது.

"முடிஞ்சதும்மா, வேஷம் ஒனக்குத்தான்!" என்று கிராணி கத்தியதும் துள்ளி எழுந்தேன். முதலில் விம்மியவள் கூட்டத்தை இடித்துக்கொண்டு வந்து என் கன்னங்களைப் பிடித்தாள். அந்தக் குவார்ட்டர்ஸில் குடியிருந்தவள். சயாமில் ரயில் பாதை போட அவள் புருஷனை ஜப்பான்காரர்கள் பிடித்துக்கொண்டு போயிருந்தார்கள். போனவர்கள் அங்கே கூட்டங்கூட்டமாகச் சாகிறார்கள் என்ற பேச்சு மட்டும் வந்தது; அவரைப் பற்றி ஒரு தகவலும் இல்லை.

"எந்திரிச்சிட்டியே தாயி," என்றாள். "அவரும் இப்படித்தான் வந்துருவாரு, இல்ல?"

"வந்துருவாருக்கா," என்றேன். என் கன்னத்திலிருந்த அவள் கைகளை இறுகப் பிடித்துக்கொண்டேன்.