மேலே போன வெள்ளெலி

கதை விடுகிறேன் என்று நினைப்பவர்கள் தாராளமாக நினைத்துக்கொள்ளுங்கள். ரெனிஷ், அம்பத்தூரில் எங்கள் பக்கத்து வீட்டுப் பையன். பரீட்சையில்கூட அளக்கத் தெரியாமல் இரண்டு அரியர் வைத்திருப்பவன். அவனுக்கு நடந்தது இது.

வேலப்பன்சாவடியில் அவன் படிக்கும் கல்லூரியில், விண்வெளியின் விளிம்பைத் தொட ஒரு ஹீலியம் பலூன் விட்டார்கள். அடியில் தொங்கிய அலுமினியப் பெட்டிக்குள் ஒரு வெள்ளெலி. குழுத் தலைவன் பிரசன்னா ஆயுத பூஜைபோல் எலுமிச்சம்பழம் சுற்றி, பெட்டிக்குப் பொட்டு வைத்து, எலியின் நெற்றியிலும் குங்குமம் இட்டான். மூடியது ரெனிஷ். நான்கு ஸ்க்ரூ. மூடும்போது எலி அவன் விரலைப் பிடித்துக்கொண்டது.

இருபத்தெட்டாயிரம் மீட்டர் உயரத்தில் சிக்னல் அறுந்தது. பெட்டி திரும்பவே இல்லை.

பதினோராம் நாள் இன்னொரு எலி வந்தது.

“பாவம்டா,” என்றான் ரெனிஷ்.

“ரஷ்யாக்காரன் லைக்கா நாயை அனுப்பசொல்ல, திரும்பி வர வழியா வெச்சான்? எலிக்குப் போய் இன்னா மச்சான்! நாளைக்கு ஏத்துறோம். பொட்டு காலைல வெச்சிக்கலாம். நீ பெட்டிய ரெடி பண்ணு.”

பிரசன்னா சாப்பிடப் போய்விட்டான்.

பிற்பகல் மணி 2.47. மூன்றாம் மாடி லேபில் ரெனிஷ் தனியாக. கூண்டிலிருந்த புது எலியின் கண்ணைப் பார்க்கவே அவனுக்குக் கூசியது.

பீப்.

பழைய பெட்டியின் சிக்னல்! அதன் பேட்டரிக்கு ஆயுளே நான்கு மணி நேரம்தான்...

திரையில் உயரம் இருபத்தெட்டாயிரம் மீட்டர். எலியின் இதயத் துடிப்பு 412.

2.51. ஒன்பதாயிரம்.

2.53. அறுநூறு. துடிப்பு 590.

வெளியே வெயில் கொளுத்தியது. அவன் விரல்கள் குளிரில் விறைத்தன.

2.54. நாற்பது... இருபது... பன்னிரண்டு.

நின்றது.

அந்த மாடியின் உயரம்.

கர்ர்... கர்ர்... நகம் பிறாண்டும் சத்தம். மேசைமேல் இருந்த புதுப் பெட்டிக்குள்.

அது காலிப் பெட்டி.

துடிப்பு 0.

ரெனிஷ் கூண்டைத் தூக்கிக்கொண்டு ஓடினான். வீடு வந்து, இனி எந்த உயிரையும் பெட்டியில் அடைக்க மாட்டேன் என்று மாதா படத்தின் முன் அழுதான்.

மூன்று நாள் கழித்து, செம்பரம்பாக்கம் ஏரியில் வலை வீசியவர் பழைய பெட்டியைக் கல்லூரியில் கொண்டுவந்து கொடுத்தார். நான்கு ஸ்க்ரூவும் அவன் முடுக்கியபடியே இருந்தன. திறந்தார்கள். மூடியின் உட்புறம் முழுக்க நகக் கீறல். எலி இல்லை. ஒரு முடிகூட இல்லை.

அப்போது அவன் அம்மா செலினிடமிருந்து போன்.

“ஏன்டா ரெனிஷ், அந்த எலி நெத்தில குங்குமம் யார்டா வெச்சது? நம்ம ஊட்ல ஏதுடா குங்குமம்?”