காதில் சொன்ன பெயர்

என் அக்காவின் பெயரை இங்கே எழுத மாட்டேன். இனிப் பெண் பிள்ளை வேண்டாம் என்று கடவுளுக்குச் சொல்வதற்காக வைத்த பெயர் அது. மலேசியாவில் நாங்கள் பிறந்த ரப்பர் தோட்டத்தில், லயம் என்கிற ஒவ்வொரு வீட்டு வரிசையிலும் அப்படி ஒருத்தி இருந்தாள். காலையில் ஆள் கணக்கெடுக்கும் பெரட்டில் வரிசையாக நிற்கவைத்து, வேலை வாங்கும் மண்டோர் அந்தப் பெயரைக் கத்திக் கூப்பிடுவார். யாரும் சிரித்ததுகூட இல்லை, அவ்வளவு சாதாரணம். அவளுக்கு அடுத்துப் பிறந்தவன் நான்.

அதனால்தான் என் மனைவி கர்ப்பமானபோது ஒன்றை முடிவு செய்தோம். ஆணா பெண்ணா என்று தெரிவதற்கு முன்பே பெயர் வைத்துவிட வேண்டும். எது பிறந்தாலும் அதே பெயர். ஜோசியக்காரன் கொடுக்கும் எழுத்து வேண்டாம், தெருவுக்கு நாலு பேருக்கு இருக்கும் பெயரும் வேண்டாம். என் மனைவி தைப்பிங்கில் மழையிலேயே வளர்ந்தவள். தூறல் என்றாள். நான் ஈப்போவில் பார்சல் வேன் ஓட்டுகிறேன், மழைமேல் எனக்குப் பெரிய பிரியம் கிடையாது. ஆனாலும் அந்தப் பெயர் பிடித்தது.

அக்கா எங்களோடுதான் இருக்கிறாள். கல்யாணம் ஆகவில்லை. நான் படிப்பதற்காக அவள் பள்ளியை விட்டுவிட்டு ரப்பர் மரத்தில் பால் வெட்டப் போனாள். தோட்டத்தை விற்று ஆட்களைத் துரத்தும்வரை வெட்டினாள். பெயரைச் சொன்னதும் முகத்தைச் சுளித்தாள்.

"விடியக்காலைல தூறல் போட்டா மரம் ஈரமாயிரும். வெட்டுனா பால் மரத்துல கட்டுன மங்குக்கு வராது, பட்டைலயே வழிஞ்சு ஓடிரும். அன்னைக்கு வேலையும் இல்ல, சம்பளமும் இல்ல. அந்தப் பேரையா வைக்கப் போற?"

சரி, தளிர் என்று வைக்கலாமா என்று என் மனைவி கேட்டாள். பால்மரம் புது இலை விடுகிற மாதத்தில் பால் வற்றிவிடும் என்றாள் அக்கா. புல் பூண்டு எதைச் சொன்னாலும் அவளிடம் ஒரு வெறும் வயிற்றுக் கதை இருந்தது. மழையையும் இலையையும் நின்று பார்க்க அவளை எவன் விட்டான்?

எங்கள் லயம் இருந்த இடத்தில் இப்போது வேலி போட்ட தாமான், பணக்காரக் குடியிருப்பு, இருக்கிறது. மலாயில் மழைக்காடு என்று அதற்குப் பெயர். உள்ளே ஒழுங்கான மரம் ஒன்று கிடையாது. பார்சல் கொடுக்கப் போனால் வாசலில் காவல் நிற்கும் கார்டு என்னிடம் ஐசி, அடையாள அட்டை, கேட்கிறான். மரத்தையெல்லாம் வெட்டித் தள்ளியவன் மழை என்று பெயர் வைக்கலாம், நாங்கள் வைக்கக் கூடாதா? வீம்புக்காகவே தூறல் என்று உறுதி செய்தோம்.

பெண் பிறந்தது. சொந்தக்காரர்களுக்குப் போன் செய்து, பெயர் தூறல் என்றேன். பெயரை ஒருவரும் காதில் வாங்கவில்லை. என்ன பிள்ளை என்றுதான் கேட்டார்கள். பெண் என்றேன். எல்லாரும் ஒரே மாதிரி, பரவாயில்லை, முதல் பிள்ளைதானே என்றார்கள். என்ன பரவாயில்லை? நான் யாரிடமாவது மன்னிப்புக் கேட்டேனா?

முப்பதாம் நாள் பெயர் சூட்டினோம். பிள்ளையின் காதில் பெயரைச் சொல்ல வேண்டியவள் அத்தை, அதாவது என் அக்கா. ஆட்கள் வந்து உட்கார்ந்த பிறகு என்னைச் சமையலறைக்குக் கூப்பிட்டாள். திட்டப்போகிறாள் என்று நினைத்தேன். அவள் சிரித்த முகமாக இருந்தாள்.

"தம்பி, யோசிச்சுப் பாத்தேன். பேரு நல்லாத்தான் இருக்கு. பையனுக்கும் வைக்கலாம்லா?"

வைக்கலாம் என்றேன்.

"அப்ப அதை எடுத்து வச்சுக்க. அடுத்து பையன் வருவான், அவனுக்கு வைப்போம். இதுக்கு வேற ஏதாச்சும் போதும்."

எனக்குக் கோபம் தலைக்கு ஏறியது. உனக்கு வைத்தார்களே, அந்த மாதிரியா என்று கத்தினேன். அவளுக்குக் கோபம் வரவில்லை. விவரம் புரியாதவனைப் பார்ப்பதுபோல் என்னைப் பார்த்தாள்.

"என் பேருக்கு என்னடா கொறைச்சல்? பலிச்ச பேருலா அது. நீ வந்தீல்ல."

நான் தின்ற சோறு, படித்த படிப்பு, எல்லாம் அந்தப் பெயரில் வந்ததுதான்.

கூடத்துக்கு வந்து உட்கார்ந்தாள். பிள்ளையை மடியில் வாங்கினாள். நான் பிடித்த பிடியில் நின்றதால், காதருகே குனிந்து தூறல், தூறல், தூறல் என்று முறைப்படி சொன்னாள். பிறகு பிள்ளையின் தலையைத் திருப்பி மறு காதில் வேறொன்று சொன்னாள். எல்லாருக்கும் கேட்டது.

"அடுத்தது தம்பியைக் கூட்டிட்டு வாடி, தங்கம்."

கூடமே சிரித்தது. என் மனைவி எழுந்து, பிள்ளையை வாங்கிக்கொண்டு அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். யாரோ கேசரியை எடுத்து வைக்க ஆரம்பித்தார்கள்.

பிள்ளைக்கு இப்போது பேச்சு வந்துவிட்டது. தூறல் என்று நாங்கள் இருவர்தான் கூப்பிடுகிறோம், அதுவும் குறைந்துவிட்டது. மற்ற எல்லாருக்கும் அவள் பாப்பா. என் மனைவிக்கு மறுபடியும் ஐந்து மாதம். இந்த முறை பெயரைப் பற்றி நாங்கள் பேசவில்லை. அக்கா வெள்ளிக்கிழமை தவறாமல் பாப்பாவையும் கூட்டிக்கொண்டு கோயிலுக்குப் போகிறாள். கையைக் கூப்பி என்ன கேட்க வேண்டும் என்று பிள்ளைக்கும் சொல்லிக் கொடுத்திருக்கிறாள்.