துருக்கி நாடகம் பார்த்த மதியம்

நாங்கள் பிழைக்க வந்த ரிச்சர்ட்சனில் டெலிகாம் கம்பெனிகள் ஆட்களைக் கொத்துக்கொத்தாக வீட்டுக்கு அனுப்பிய வருஷம். வேலை போனால் விசா போகும். விசா போனால் பிள்ளையின் பள்ளிக்கூடம் போகும். எட்டாவதோடு படிப்பை நிறுத்திய எனக்கு இந்தக் கணக்கு மட்டும் தப்பாமல் வந்தது. கணவர் ஆபீஸுக்குக் கிளம்பியதுமே அது மனசில் ஓடத் தொடங்கிவிடும்.

அதை மறக்கத்தான் நாங்கள் சில தமிழ்ப் பெண்கள் மதியங்களில் கீழ்வீட்டுத் துருக்கி ஆன்ட்டியிடம் போவோம். அவர் வீட்டு டிவியில் ஒரு துருக்கி நாடகம் வரும். நிலக்கரிச் சுரங்கத்தை நம்பி வாழும் சின்ன ஊர், வீட்டுக்கு வீடு கஷ்டம். பாஷை புரியாது; ஆன்ட்டி அரைகுறை இங்கிலீஷில் சொல்லச் சொல்ல அழுவோம்.

"வீட்ல அழுதா ஏன்னு கேப்பாங்க. இங்க அழுதா யாரு லாத்தா கேக்கப் போறா?" என்பாள், என்னை அக்கா முறை வைத்து லாத்தா என்று கூப்பிடும் பக்கத்து வீட்டுக்காரி.

அன்று நாடகத்தில் சுரங்கம் இடிந்துவிட்டது. பெண்களெல்லாம் அதன் வாசலில் நிற்கிறார்கள். மேலே வரும் ஒவ்வொரு கரிமுகத்தையும் உற்றுப் பார்க்கிறார்கள். அப்போது ஜன்னலுக்கு வெளியே எங்கள் கார் வந்து நின்றது. மதியத்தில் கார் திரும்பினால் எங்கள் அபார்ட்மென்ட்டில் அதற்கு ஒரே அர்த்தம்தான். எல்லோரும் காரைப் பார்த்தார்கள். என்னை யாரும் பார்க்கவில்லை.

"போய்ப் பாருங்க லாத்தா."

"எபிசோட் முடியட்டும்," என்றேன்.

கடைசியில் மேலே போனால், அவர் கன்னத்தைப் பிடித்துக்கொண்டு சோபாவில் கிடந்தார். பல்வலியாம். எனக்கு உயிர் வந்தது.

அஸர் தொழுது முடிப்பதற்குள் கதவு தட்டினார்கள். பக்கத்து வீட்டுக்காரி நெய்ச்சோறும் தால்ச்சாவும் கொண்டுவந்திருந்தாள். ஆன்ட்டி கையில் ரவை அல்வா. எங்கள் பக்கம் யாராவது மௌத்தானால் அந்தச் சாவு வீட்டில் அடுப்பு மூட்ட மாட்டார்கள், அக்கம்பக்கம்தான் சோறு அனுப்பும். துருக்கியிலும் அப்படித்தான் போல.

"வேற எடத்துல அப்ளை பண்ணிக்கலாம். மனச விட்டுடாதீங்க," என்று அழுதவள், நான் பல்வலி என்று சொல்வதற்குள் ஆன்ட்டியோடு படியிறங்கிவிட்டாள்.

அவர் எழுந்து வந்து சட்டிகளைப் பார்த்தார்.

"என்ன புள்ள, யாரு மௌத்து?"

"உங்க வேலதான்," என்றேன். சிரிப்பார் என்று பார்த்தேன்.

கன்னத்திலிருந்து கையை எடுத்தார். "அவங்களுக்கு யாரு சொன்னா?"

பல்வலி இல்லை என்பது அப்போதுதான் புரிந்தது. தட்டு எடுத்து வைத்தேன். சாப்பிட்டுக்கொண்டே, முதலில் எதை விற்பது, காரையா கட்டிலையா என்று பேச ஆரம்பித்தோம்.